கோர்ட் ஏலத்தில் போன சொத்துக்காகப் போராடியவர்கள், உங்கள் அனுபவத்தை எழுதுங்கள்

வயற்காட்டான்:

நானே தொடங்குகிறேன். மன்னார்குடிப் பக்கம் எங்கள் பெரியப்பாவின் ஒன்றரை ஏக்கர் நஞ்சை ஏலத்தில் போய், பிறகு அந்த ஏலம் ரத்தானது. புரோநோட்டுக் கடன்தான். பெரியப்பா திருப்பூரில் மகன் வீட்டோடு போய்விட்ட சமயத்தில் கேஸ் எக்ஸ்பார்ட்டி ஆகி (எங்கள் தரப்பு ஆஜராகாமலே முடிந்து), பணம் கட்டச் சொல்லி டிக்ரி வந்து, அதை வசூலிக்க நிறைவேற்று மனு போட்டு, நிலத்தை ஜப்தி செய்து, ஏலமும் முடிந்துவிட்டது. ஏலம் எடுத்தவர் நிலத்தைச் சுற்றிப் பார்க்க வந்தபோது பக்கத்து வயல்காரர் போன் செய்தார், அப்போதுதான் எங்களுக்கே தெரியும்.

ஊரில் ஆளாளுக்குச் சொன்னது, "அடிமாட்டு விலைக்குப் போயிருக்கு, அதைச் சொல்லி மனு போடுங்க" என்பதுதான். விலை குறைவு என்பதை மட்டும் வைத்து ஏலத்தை உடைக்க முடியாது, இதைத் தயவுசெய்து எல்லாரும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 21 விதி 90 கேட்பது இரண்டு. ஏலத்தை அறிவித்ததிலோ நடத்தியதிலோ பெரிய முறைகேடோ மோசடியோ இருக்க வேண்டும், அதனால் நமக்குக் கணிசமான நஷ்டம் வந்திருக்க வேண்டும். ஒன்று இருந்து மற்றது இல்லை என்றால் மனு நிற்காது.

எங்கள் வக்கீலம்மா முதலில் செய்த காரியம் நிறைவேற்று மனுக் கட்டு முழுவதற்கும் நகல் கேட்டு மனு போட்டது. அந்தக் கட்டில்தான் எல்லாம் இருந்தது. ஏல அறிவிப்பு தயாரிப்பதற்கு முன் விதி 66ன்படி கடனாளிக்கு நோட்டீஸ் போக வேண்டும், சொத்தின் மதிப்பு என்ன என்று அவரும் சொல்லலாம். நோட்டீஸ் கொண்டுபோன கோர்ட் ஊழியரான அமீனா எழுதியிருந்தது, வீடு பூட்டியிருந்தது, கதவில் ஒட்டினேன் என்று. ஆனால் கேஸ் போடுவதற்கு முன்னால் அதே கடன் கொடுத்தவர் அனுப்பிய வக்கீல் நோட்டீஸ் திருப்பூர் முகவரிக்கு வந்திருக்கிறது! பெரியம்மா அந்தக் கவரைக்கூடத் தூக்கிப்போடாமல் வைத்திருந்தார். ஆள் எங்கே இருக்கிறார் என்று தெரிந்தே பூட்டிய வீட்டுக்கு நோட்டீஸ் அனுப்பினார்கள் என்பதற்கு அதைவிட என்ன சாட்சி வேண்டும்?

அடுத்தது விதி 64. டிக்ரி தொகைக்குப் போதுமான அளவு சொத்தை மட்டும்தான் விற்க வேண்டும். எங்கள் நிலத்தில் சாலையோர நாற்பது சென்ட்டை விற்றாலே வட்டி, செலவு எல்லாம் சேர்த்து அடைந்திருக்கும், ஆனால் ஒன்றரை ஏக்கரையும் ஒரே லாட்டாக ஏலம் விட்டிருந்தார்கள். இது கோர்ட்டின் விருப்பம் இல்லை, கடமை என்று உச்ச நீதிமன்றம் 1989ல் அம்பதி நரசய்யா வழக்கில் சொல்லியிருக்கிறது. பதிவு அலுவலகத்தில் பக்கத்து நிலங்களின் கிரயப் பத்திர நகல் எடுத்துக் கொடுத்தோம், அதுதான் நஷ்டத்துக்குச் சாட்சி.

எதிர்த்தரப்பு விதி 90ன் மூன்றாவது உட்பிரிவைப் பிடித்துக்கொண்டார்கள். ஏல அறிவிப்பு தயாராவதற்கு முன்பே சொல்லியிருக்கக்கூடிய குறையை ஏலம் முடிந்த பிறகு சொல்ல முடியாது என்கிறது அது. நோட்டீஸே சேராதவர் எப்படி முன்கூட்டிச் சொல்வார் என்று எங்கள் தரப்பு கேட்டது, நீதிபதி ஏற்றுக்கொண்டார். ஆகவே உங்களுக்கு அந்த நோட்டீஸ் கையில் கிடைத்திருந்தால் சும்மா இருந்துவிடாதீர்கள், மதிப்புக் குறைவு, அளவு அதிகம் என்று அப்போதே எழுத்தில் ஆட்சேபம் கொடுங்கள்.

ஏலம் ரத்தானதால் கடன் ரத்தாகாது. விதி 83ன் கீழ் ஏலத்தைத் தள்ளிவைக்கச் சொல்லி, கோர்ட் அனுமதியோடு அந்த நாற்பது சென்ட்டை நாங்களே விற்றுப் பணத்தைக் கோர்ட்டில் கட்டினோம். மீதி நிலம் பெரியப்பா பெயரிலேயே இருக்கிறது.

தறிவீடு:

எங்கள் கதை வேறு. நோட்டீஸ், தண்டோரா, கோர்ட் போர்டில் அறிவிப்பு என்று எல்லாம் சரியாக நடந்திருந்தது, குறை சொல்ல இடமே இல்லை. மாமனார் வீட்டைக் காப்பாற்ற விதி 89 ஒன்றுதான் வழி. ஏல அறிவிப்பில் கண்ட தொகையையும், ஏலம் எடுத்தவருக்காக ஏலத்தொகையில் 5 சதவீதத்தையும் கோர்ட்டில் கட்டினால் ஏலம் ரத்து, காரணம் எதுவும் நிரூபிக்க வேண்டாம். மச்சினன் வண்டியை விற்று, நகையை அடகு வைத்து, எப்படியோ புரட்டினோம். மனுவும் பணமும் ஏலத் தேதியிலிருந்து 60 நாட்களுக்குள் உள்ளே போயாக வேண்டும். விதி 90 மனுவுக்கும் அதே 60 நாள்தான், தாமதத்தை மன்னிக்கும் லிமிட்டேஷன் (காலவரையறை) சட்டப் பிரிவு 5 ஆணை 21 மனுக்களுக்கு இல்லை. இன்னொன்று, விதி 90ல் மனு போட்டிருந்தால் அதை வாபஸ் வாங்காமல் விதி 89ஐ நடத்த முடியாது. நாங்கள் சந்தித்த ஒரு வக்கீல் இரண்டையும் போட்டு வைக்கலாம் என்றார், நல்ல வேளையாக இன்னொருவரிடமும் கேட்டோம்.

ஏலம் எடுத்தவன்:

எதிர்ப்பக்கத்திலிருந்தும் ஒருவர் சொல்லட்டும் என்று எழுதுகிறேன். நான் கோர்ட் ஏலத்தில் மனை எடுத்தவன். சுத்தி தட்டியதும் 25 சதவீதம், மீதி 15 நாட்களுக்குள், ஒரு நாள் பிந்தினாலும் ஏலம் செல்லாது. 1954லேயே மணிலால் மோகன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைக் கறாராகச் சொல்லிவிட்டது. கடனாளிகள் இந்த இரண்டு தேதியையும் பணம் கட்டிய சலான் வைத்துச் சரிபாருங்கள், அது உங்கள் உரிமை. ஆனால் நாங்களும் சேமிப்பை எல்லாம் கொட்டித்தான் எடுக்கிறோம், காரணமே இல்லாமல் மனுமேல் மனு போட்டு வருஷக்கணக்கில் இழுத்தால் அந்தப் பணம் முடங்கிப்போகிறது. நியாயமான குறை இருந்தால் போடுங்கள், இல்லாவிட்டால் விதி 89ல் பணத்தைக் கட்டி மீட்டுக்கொள்ளுங்கள். எனக்கு அந்த 5 சதவீதம் வந்திருந்தால் சந்தோஷமாக விலகியிருப்பேன்.

வயற்காட்டான்:

நீங்கள் சொல்வது சரி ஐயா. சலான் விஷயம் எங்களுக்கு அப்போது தோன்றவில்லை, படிப்பவர்கள் குறித்துக்கொள்ளுங்கள்.

தனிச் செய்தியில் இரண்டு பேர் வங்கி ஏலம் பற்றிக் கேட்டிருக்கிறார்கள். வீட்டுக்கடனுக்காக வங்கியே சர்ஃபாசி சட்டத்தில் விடும் ஏலம் என்றால் மேலே சொன்ன விதிகள் எதுவும் பொருந்தாது. அதற்குக் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் பிரிவு 17ன் கீழ் 45 நாட்களுக்குள் மனு போட வேண்டும். தமிழ்நாட்டில் சென்னை, கோவை, மதுரையில் தீர்ப்பாயம் இருக்கிறது. கையில் உள்ள நோட்டீஸை முதலில் பாருங்கள், மேலே கோர்ட் பெயர் இருக்கிறதா வங்கி பெயர் இருக்கிறதா என்று, அப்புறம் வக்கீலைத் தேடுங்கள்.