எர்த் விண்ட் அண்ட் ஃபயர்: ஃபிளாக் கோப்பிலும் பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவே வெட்டு விழுகிறதே, ஏன்?

பேஸ்_பிரியன்: நண்பரின் ஹார்ட் டிஸ்க்கிலிருந்து எர்த் விண்ட் அண்ட் ஃபயர் என்ற அமெரிக்க இசைக்குழுவின் ஆல்பங்கள் மொத்தமும் ஃபிளாக்காக (தரம் இழக்காமல் சுருக்கும் கோப்பு வகை) கிடைத்தன. 1975-இல் வந்த 'கிராட்டிட்யூட்' பெரும்பாலும் மேடைப் பதிவு. ஒரு பாட்டு முடிந்து அடுத்தது தொடங்கும்போது கூட்டத்தின் சத்தம் சட்டென அறுந்து மறுபடி வருகிறது. பாட்டுகளை இடைவெளி இல்லாமல் ஓட்டும் கேப்லெஸ் வசதியைப் போட்டுத்தான் வைத்திருக்கிறேன். பிட்ரேட் (நொடிக்கு எவ்வளவு தரவு என்ற அளவு) 900 கேபிபிஎஸ் என்று காட்டுகிறது. கேட்பது புளூடூத் ஹெட்ஃபோனில்.

மொட்டைமாடி: புளூடூத்தா? அது எஸ்பிசி, ஏஏசி மாதிரி சுருக்கு முறைகளில் மறுபடி சுருக்கித்தான் அனுப்பும். வயர் போட்டுக் கேளுங்க.

பேஸ்_பிரியன்: வயரிலும் அதே வெட்டுதான்.

ஒலிக்கிறுக்கன்: புளூடூத் தரத்தைக் குறைக்கும், சரி. ஆனால் பாட்டுக்குப் பாட்டு மட்டும் இடைவெளி விழ அது காரணமில்லை. எனக்குக் கோப்பு மேல்தான் சந்தேகம். தரத்தை இழந்து சுருக்கும் எம்பி3 ஆக்கும்போது பாட்டின் தலையிலும் வாலிலும் கொஞ்சம் மௌனம் ஒட்டிக்கொள்ளும். எம்பி3 ஒலியை ஃபிரேம் என்ற துண்டுகளாகத்தான் வைக்கும்; ஒரு ஃபிரேமே 1152 சாம்பிள் (ஒலி அளவீடு), அதாவது சுமார் 26 மில்லி செகண்ட். அதை அப்படியே ஃபிளாக் ஆக்கினால் மௌனமும் இசையாகவே பதிவாகிவிடும். அதன்பின் எந்த பிளேயராலும் நீக்க முடியாது. 900 என்ற எண் ஃபிளாக் என்ற உறையைப் பற்றித்தான் சொல்கிறது, உள்ளே இருப்பது எங்கிருந்து வந்தது என்று சொல்லாது.

ஒலியின் அதிர்வெண்களைப் படமாகக் காட்டும் ஸ்பெக் என்ற இலவச மென்பொருளில் கைதட்டல் வரும் ஒரு பாட்டைத் திறந்து பாருங்கள். கைதட்டல் மேல் அதிர்வெண்கள் வரை பரவும் என்பதால், எம்பி3 அந்த மேல் பகுதியை வெட்டியிருந்தால் படத்தில் பளிச்சென்று தெரியும். சிடியிலிருந்து எடுத்தது என்றால் 22 கிலோஹெர்ட்ஸ் அருகே வரை நிறம் இருக்க வேண்டும்.

பேஸ்_பிரியன்: 16 கிலோஹெர்ட்ஸில் கோடு போட்ட மாதிரி நிற்கிறது. 'ரீசன்ஸ்', டான் மைரிக்கின் சாக்ஸ் வரும் அதே மேடைப் பதிவு!

ஒலிக்கிறுக்கன்: 128 கேபிபிஎஸ் எம்பி3-இல் வழக்கமாகப் பார்ப்பது அது. அந்தப் பதிவை இப்படிக் கேட்பது பாவம். சிடி வாங்கி, எக்ஸாக்ட் ஆடியோ காப்பி என்ற மென்பொருளில் நீங்களே ரிப் செய்யுங்கள் (சிடியிலிருந்து கோப்பாக எடுங்கள்). எடுத்தது பிழையில்லாமல் இருக்கிறதா என்று மற்றவர்களின் ரிப்புகளோடு ஒப்பிடும் அக்யூரேட்ரிப் சரிபார்ப்பையும் போட்டு வையுங்கள். ஒலி அளவைச் சமன் செய்யும் ரீப்ளேகெய்ன் வசதியை ஆல்பம் முறையில் வையுங்கள். பாட்டு முறையில் வைத்தால் கூட்டத்தின் சத்தம் ஏறி இறங்கும்.

மொட்டைமாடி: 1971-இல் வந்த அவங்க முதல் இரண்டு ஆல்பம் வார்னர் நிறுவன வெளியீடு, 1972-இலிருந்து கொலம்பியா நிறுவனம். பல ஆல்பம் சேர்ந்த சிடி தொகுப்பு வாங்கினால் அந்த இரண்டும் உள்ளே இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்க.