ரெக்ஸம் அண்ட் ஷ்ராப்ஷயர் ரயில்ல போனவங்க இருக்கீங்களா? உங்க அனுபவத்தை எழுதுங்க

டெல்ஃபோர்ட்வாசி:

2008 ஏப்ரல் 28ல ஆரம்பிச்சு 2011 ஜனவரி 28ல நின்னு போன கம்பெனி இது, மூணு வருஷம் கூட முழுசா ஓடல. ஆனா இங்கிலாந்துல நான் ஏறின ரயில்லயே பயணிகளை இவ்ளோ மரியாதையா நடத்தின கம்பெனி வேற எதுவும் இல்லன்னு அடிச்சு சொல்வேன். வேல்ஸ் எல்லைல இருக்குற ரெக்ஸம்ல கிளம்பி ருவாபன், சிர்க், கோபோவன், ஷ்ரூஸ்பரி, வெலிங்டன், டெல்ஃபோர்ட், காஸ்ஃபோர்ட்னு சின்ன சின்ன ஊரா நின்னு ஆளுங்கள ஏத்திக்கிட்டு லண்டன் மேரிலபோன் வரைக்கும் போகும். அதுக்கு முன்னாடி பல வருஷமா ஷ்ராப்ஷயர் பக்கத்துல இருந்து லண்டனுக்கு நேர் வண்டியே கிடையாது, எங்க போனாலும் பர்மிங்காம்லயோ க்ரூலயோ இறங்கி மாறணும்.

நான் அப்போ டெல்ஃபோர்ட்ல ஒரு ஐ.டி. ப்ராஜெக்ட்ல இருந்தேன். லீவு கிடைச்சா லண்டன் போய் கோயில், சாப்பாடு, மளிகைன்னு எல்லாத்தையும் முடிச்சுட்டு வரது வழக்கம். இந்த வண்டி வந்த பிறகு வேற எதுலயும் போகத் தோணல. டிக்கெட்டும் குறைவு. வண்டிக்குள்ளயே சமையல்காரர் இருப்பாரு, மைக்ரோவேவ்ல சுட வச்சு தர்றது இல்ல, நிஜமாவே அடுப்புல சமைச்சு பீங்கான் தட்டுல வச்சு கொண்டு வருவாங்க. நான் கறி சாப்பிட மாட்டேன்னு சொன்னதும் அந்தம்மா உள்ள போய் காளான், தக்காளி, பீன்ஸ், டோஸ்ட்னு தனியா ஒரு தட்டு ரெடி பண்ணி கொண்டு வந்தாங்க, அடுத்த தடவை நான் ஏறினப்போ கேக்காமலே ஞாபகம் வச்சிருந்தாங்க. மொத்தமே 55 பேர் வேலை பாத்த கம்பெனி, அதனால அடிக்கடி போறவங்களுக்கு எல்லா முகமும் பழகிப் போயிடும்.

இது ஏன் நின்னுச்சுன்னு கேட்டா நிறைய பேர் கூட்டம் இல்லன்னு ஒரே வார்த்தைல முடிச்சுடுவாங்க. அது பாதி உண்மைதான். கூட்டம் ஏன் வரலைங்கறத பாக்கணும். அப்போ அங்க பெரும்பாலான ரயில் கம்பெனிங்க அரசாங்கத்தோட ஒப்பந்தம் போட்டு ஓட்டினவங்க. இவங்க அப்படி இல்ல, ஓப்பன் ஆக்சஸ்னு சொல்ற வகை, மானியம் ஒரு பைசா கிடையாது, தண்டவாளத்துல காலி நேரம் இருந்தா அனுமதி வாங்கி சொந்த காசுல ஓட்டணும், நஷ்டம் வந்தா அவங்க தலையிலதான். லெயிங் ரயில், ரெனைசன்ஸ் ட்ரெயின்ஸ்னு ரெண்டு கம்பெனி சேந்து ஆரம்பிச்சது, வண்டி ஓட ஆரம்பிக்கறதுக்கு முன்னாடியே லெயிங் ரயில் கம்பெனியை ஜெர்மனியோட அரசு ரயில் கம்பெனி டாய்ச்ச பான் வாங்கிட்டாங்க.

ஏற்கனவே வெர்ஜின் ட்ரெயின்ஸ்ங்கற கம்பெனிக்கு, லண்டன்ல இருந்து வடக்க போற வெஸ்ட் கோஸ்ட் ரூட்ல போட்டியில இருந்து பாதுகாப்பு குடுக்குற ஒரு ஷரத்து ஒப்பந்தத்துல இருந்துச்சு. அதனால இந்த வண்டி பர்மிங்காம் நியூ ஸ்ட்ரீட்ல நின்னு ஆள் ஏத்த முடியாது. வுல்வர்ஹாம்ப்டன்ல நிக்கும், ஆனா ஆரம்பத்துல அங்க இருந்து லண்டனுக்கு யாரையும் ஏத்தக் கூடாது. இங்கிலாந்தோட ரெண்டாவது பெரிய ஊரை ஒட்டியே போற வண்டி அந்த ஊர் சனத்தை ஏத்தாம டேம் பிரிட்ஜ் பார்க்வேங்கற ஒரு சின்ன ஸ்டேஷன்ல நின்னுட்டு போகும். அப்புறம் லெமிங்டன் ஸ்பா, பான்பரி, மேரிலபோன். இப்படி சுத்தி போறதால ரெக்ஸம்ல இருந்து லண்டன் சேர நாலு மணி நேரத்துக்கும் மேல ஆகும். மாறிப் போனா அதை விட சீக்கிரம் போயிடலாம். காசு வர்ற இடத்துல நிக்கவும் கூடாது, வேகமா போற பாதையும் கிடைக்காதுன்னா எந்த முதலாளியால எத்தனை வருஷம் தாக்குப் பிடிக்க முடியும்? எனக்கு இன்னைக்கும் ஆறாத விஷயம் இதுதான்.

அதே கம்பெனிக்கு பயணிகள் திருப்தி சர்வேல 99% வந்துச்சு. நாட்டுலயே முதல் இடம்.

வெம்ப்ளி அக்கா:

தம்பி, நல்ல விசயம் எழுதினீங்கள். நான் அந்த நேரம் வெம்ப்ளியில இருந்தனான், என்ர தங்கச்சி ரெக்ஸம் ஆஸ்பத்திரியில நேர்ஸா வேலை செய்தவ. அம்மா மாறி மாறி எங்கள் ரெண்டு பேரோடயும் இருப்பா. அம்மாவுக்கு முழங்கால் வருத்தம், ஆங்கிலமும் பெரிசா தெரியாது, பெரிய ஸ்டேஷனில இறங்கி பிளாட்ஃபோர்ம் தேடி அடுத்த ரெயின் பிடிக்கிறதெண்டால் அவவால ஏலாது. இந்த ரெயின் வந்தாப் பிறகுதான் அவ தனிய போய் வரத் தொடங்கினவ. நான் மேரிலபோனில கொண்டு போய் ஏத்தி விட்டால் தங்கச்சி ரெக்ஸத்தில நிண்டு இறக்குவா, இடையில ஒரு மாறலும் இல்லை. நாலு மணித்தியாலம் எண்டு நீங்கள் சொல்லுறது எங்களுக்கு ஒரு பிரச்சினையாவே இருக்கேல்லை, அம்மா புட்டும் சம்பலும் கட்டிக்கொண்டு போய் ஆறுதலாச் சாப்பிட்டிட்டு நித்திரை கொண்டு போவா. ரெயினில வேலை செய்யிற பிள்ளையள் பையைத் தூக்கி மேல வைச்சு, இறங்கிற நேரம் வந்து எழுப்பியும் விடுவினம். வயசான ஆக்களுக்கு வேகத்தை விட மாறாமப் போறதுதான் பெரிசு, அதை ஏன் ஒருத்தரும் கணக்கில எடுக்கிறேல்லை எண்டு எனக்கு விளங்கேல்லை.

பிறகு 2008 டிசம்பரில வெர்ஜினும் லண்டன் யூஸ்டன் ஸ்டேஷனுக்கும் ரெக்ஸத்துக்கும் நேர் ரெயின் ஒண்டு விட்டது, ஆனால் அது செஸ்டர் பக்கத்தால போறது. ஷ்ரூஸ்பரி, கோபோவன் ஆக்களுக்கு அதால ஒரு பலனும் இல்லை.

மூடப் போறம் எண்டு புதன்கிழமை அறிவிச்சு வெள்ளிக்கிழமை நிப்பாட்டினவை. தங்கச்சி ஃபோன் எடுத்துச் சொல்லேக்க அம்மா எங்களோட லண்டனில, அடுத்த கிழமை போறதெண்டு இருந்தவ. பிறகு ஒவ்வொரு முறையும் நாங்கள் ஆராவது காரில கொண்டு போய் விட வேண்டி வந்திட்டுது, அதால அவ போறதே குறைஞ்சு போச்சு.

டீசல் பிரியன்:

அக்கா சொன்னது மனசுக்கு கஷ்டமா இருக்கு. நான் எஞ்சின் பத்தி மட்டும் கொஞ்சம் சேக்கறேன், ஏன்னா நான் பான்பரில நின்னு இந்த வண்டியை பாக்கறதுக்குன்னே காத்திருப்பேன். ரெண்டு ஷேட் சாம்பல் கலர்ல கிளாஸ் 67ங்கற வகை டீசல் எஞ்சின், பின்னாடி மார்க் 3ங்கற வகை பயணிகள் பெட்டிங்க. அந்த எஞ்சின் ஸ்பெயின்ல செஞ்சது, ராயல் மெயில் தபால் வண்டி இழுக்கறதுக்காக வாங்கினது, மணிக்கு 125 மைல் வரைக்கும் போகும். தபால் வண்டி குறைஞ்சதும் வேலை இல்லாம இருந்ததுக்கு இவங்களால ஒரு வாழ்வு வந்துச்சு. முதல்ல பின்பக்க டிரைவர் கேபின் உள்ள பெட்டி ரெடி ஆகாததால முன்னாடி ஒண்ணு பின்னாடி ஒண்ணுன்னு ரெண்டு எஞ்சின் போட்டு ஓட்டினாங்க, பாக்க அருமையா இருக்கும், ஆனா மூணு நாலு பெட்டிக்கு ரெண்டு எஞ்சின்னா டீசல் செலவை யோசிச்சுக்கோங்க.

67014ங்கற நம்பர் எஞ்சினுக்கு, பழைய காலத்து இன்ஜினியர் தாமஸ் டெல்ஃபோர்ட் பேர். பொருத்தமான பேர், ஏன்னா ருவாபன் தாண்டி டீங்கற ஆத்து மேல இருக்குற பாலத்துல வண்டி போறப்போ ஜன்னல் வழியா பாத்தா அவர் கட்டி 1805ல திறந்த பான்ட்கசல்டே நீர்ப்பாலம் தெரியும், ஆத்துக்கு மேல தொட்டி மாதிரி இரும்புக் கால்வாய், அதுல படகு போகும். இந்த கம்பெனி ஓடிட்டு இருக்கும்போதுதான், 2009ல, அதை யுனெஸ்கோ உலக பாரம்பரிய இடமா அறிவிச்சாங்க. மார்க் 3 பெட்டிங்க வீண் போகல, சில்டர்ன் ரயில்வேஸ் எடுத்து பர்மிங்காம் ரூட்ல ஓட்டினாங்க.

டெல்ஃபோர்ட்வாசி:

அக்கா, அம்மாவைப் பத்தி எழுதினதுக்கு ரொம்ப நன்றி, நான் சொல்ல நினைச்சு சரியா சொல்ல வராதது அதுதான்.

அதுக்கு அப்புறம் நடந்ததையும் சொல்லிடறேன். 2014 டிசம்பர்ல வெர்ஜின் ஷ்ரூஸ்பரி–யூஸ்டன் நேர் வண்டி விட்டாங்க, அவங்களுக்கு அடுத்து வந்த அவந்தி கம்பெனி 2024 ஜூன்ல அதை நிறுத்திட்டாங்க. அதே வருஷம் கிட்டத்தட்ட பழைய பேர்லயே ஒரு புது கம்பெனி, பின்னாடி ரயில் செய்யுற ஆல்ஸ்டம் கம்பெனி இருக்காங்க, ரெக்ஸம்ல இருந்து யூஸ்டனுக்கு ஒரு நாளைக்கு அஞ்சு வண்டி விடறோம்னு மனு போட்டாங்க. 2025 ஜூலைல ரயில் ஒழுங்குமுறை அமைப்பு முடியாதுன்னுட்டாங்க, வெஸ்ட் கோஸ்ட் லைன்ல இடமே இல்லையாம். இப்போ டெல்ஃபோர்ட்ல இருந்து லண்டன் போகணும்னா வழில எங்கயாவது இறங்கி மாறித்தான் போகணும்.