லெஃப்ட் 4 டெட் 2: மாட்களை முழுவதுமாக நிறுத்துவது எப்படி?

அன்பர்களுக்கு வணக்கம். பாளையங்கோட்டையிலிருந்து நானும், அம்பாசமுத்திரத்திலிருந்து என் சித்தி மக்கள் மூவரும் ஞாயிறுதோறும் இவ்விளையாட்டை நால்வர் அணியாக ஆடி வருகிறோம். நான் சேர்த்த மாட்களில் (விளையாட்டின் தோற்றத்தையோ இயக்கத்தையோ மாற்றும் கூடுதல் கோப்புகளில்) ஏதோ ஒன்றால், கட்டம் தொடங்கும்போதே என் கணினியில் மட்டும் ஆட்டம் தானாக மூடிக்கொள்கிறது. மாட்கள் கிடைக்கும் இணையப் பகுதியான ஸ்டீம் வொர்க்‌ஷாப்பில் சந்தாவை நீக்கி, ஆட்-ஆன்ஸ் பட்டியலிலும் குறிகளை எடுத்துவிட்டேன். ஆயினும் ஆட்-ஆன்ஸ் கோப்புறையில் நானே இட்ட விபிகே கோப்புகள் (மாட்கள் அடங்கிய தொகுப்புகள்), விளையாட்டை மறுமுறை திறந்தபோது மீண்டும் குறியுடன் நிற்கின்றன. அவற்றை வேறிடத்துக்கு மாற்றினால் போதுமா, அல்லது எந்த மாட் இயங்கும் எனக் குறிக்கும் ஆட்-ஆன்லிஸ்ட் உரைக்கோப்பில் ஒவ்வொன்றின் எதிரிலும் உள்ள 1-ஐ 0 ஆக்கவும் வேண்டுமா? பல மாதம் தேடிச் சேர்த்தவை என்பதால் அழிக்க மனமில்லை. மூத்த தம்பி வரும் திங்களன்று கல்லூரி விடுதிக்குத் திரும்புகிறான். அதற்குள் நால்வரும் ஒருமுறையேனும் சேர்ந்து ஆட விரும்புவதால், செய்து பார்த்தவர்கள் விரைந்து வழிகாட்ட வேண்டுகிறேன்.