பதவியுயர்வுத் திகதிப் பிரச்சினை: திருகோணமலையில் விஷயம் தெரிந்தவர்கள் உதவுங்கள்

வணக்கம் அண்ணாமார், அக்காமார். என் மனைவி திருகோணமலையில் ஒரு கந்தோரில் முகாமைத்துவ சேவை உத்தியோகத்தர். பதவியுயர்வுக்குச் சித்தியடைய வேண்டிய வினைத்திறன்காண் தடைப் பரீட்சையை உரிய காலத்துக்குள் எழுதிவிட்டார். பெறுபேறுதான் பிந்தி வந்தது. இப்போது பெறுபேறு வந்த நாளையே சித்தியடைந்த நாளாக எடுத்து, பதவியுயர்வைப் பின்தள்ளிவிட்டார்கள். கூட எழுதிய வேறு கந்தோர்க்காரருக்குப் பரீட்சைத் திகதியே எடுபட்டிருக்கிறது. இதென்ன நியாயம்?

இதை அறிவித்த கடிதம் தனிச் சிங்களத்தில். அதிலுள்ள திகதிக்குப் பல நாள் பிந்தித்தான் உறையில் தபால் முத்திரை விழுந்திருக்கிறது. கடிதம் பிந்தி வந்ததற்குச் சான்றாக உறையைப் பத்திரமாக வைத்திருக்கிறோம். ஏனென்றால் அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி அடிப்படை உரிமை மனுவை ஒரு மாதத்துக்குள் கொழும்பு உயர் நீதிமன்றத்தில் போட வேண்டும். பொதுச் சேவை ஆணைக்குழுவுக்கு மேன்முறையீடு, அங்கும் சரிவராவிட்டால் நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை என்று இன்னொரு வழியும் இருக்கிறது. ஆனால் அந்தப் பதிலுக்குக் காத்திருந்தால் மாதம் ஓடிவிடுமே!

அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், விசாரணை நடக்கும் காலத்தை அந்த ஒரு மாதக் கணக்கில் எடுக்கக்கூடாது என்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் சொல்கிறது. இங்குள்ள பிராந்தியக் கிளையில் அப்படிப் போட்டவர்கள் யாரும் இருக்கிறீர்களா? சேவை வழக்குப் பார்க்கிற, தமிழில் பேசக்கூடிய சட்டத்தரணி தெரிந்தாலும் உள்பெட்டியில் சொல்லுங்கள். கந்தோர்ப் பெயர் மட்டும் கேட்காதீர்கள், அவர் இன்னும் அங்கேதான் வேலை செய்கிறார்.