மறு: இன்ட்ராஸ்பெக்‌ஷன் – ஒரு சொல் போதாது

நண்பர்களுக்கு வணக்கம்.

நாம் தொகுத்துவரும் உளவியல் வரலாற்றுக் கலைச்சொல் பட்டியலில், தன் மனத்தில் நடப்பதைத் தானே பார்ப்பதைக் குறிக்கும் இன்ட்ராஸ்பெக்‌ஷனுக்கு எதிரே மூன்று சொற்கள் நிற்கின்றன: உள்நோக்கு, தற்சோதனை, அகநோக்கு. நேற்று வந்த மடல் இது:

> மூன்றில் ஒன்றை வைத்துக்கொண்டு அடுத்த சொல்லுக்குப் போகலாம். இவ்வளவு இழுக்க வேண்டிய விஷயமா இது?

ஐயா, பட்டியலில் இன்னும் நிறைய பாக்கி இருப்பது எனக்கும் தெரியும். ஆனாலும் இந்த ஒரு சொல்லுக்குக் கொஞ்சம் நேரம் கொடுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். உளவியல் ஒரு தனித் துறையாக எழுந்து நின்றதே இதை ஒட்டி நடந்த சண்டையில்தான்.

முதலில் எளிதாக நீக்கக்கூடியவற்றை நீக்கிவிடலாம். உள்நோக்கு வேண்டாம். வேற்றுமை உருபு சேர்ந்ததும் வாசகர் அதை உள்நோக்கம் என்றே படிப்பார். ‘உள்நோக்கத்தோடு செய்தார்’ என்று நாளிதழ்கள் எழுதுவது கெட்ட எண்ணத்தை. தற்சோதனை, சுயபரிசோதனை இரண்டிலும் ‘நான் செய்தது சரியா, தவறா’ என்ற கேள்வி ஒட்டிக்கொண்டிருக்கிறது. ஆய்வுக்கூடத்தில் நடந்ததற்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. மிஞ்சுவது அகநோக்கு. நல்ல சொல்தான், பாடநூல்களிலும் புழங்குகிறது. அதை மட்டும் வைத்து முடித்துவிட்டால் என்ன சிக்கல் வரும் என்பதைச் சொல்லத்தான் இந்த மடல்.

நம் பாடநூல்களில் ஒரு வாக்கியம் திரும்பத் திரும்ப வருகிறது: ‘1879இல் லைப்சிக் நகரில் முதல் உளவியல் ஆய்வுக்கூடத்தை நிறுவிய வில்ஹெல்ம் வுண்ட், அகநோக்கு முறையைப் பயன்படுத்தினார்.’ ஆண்டும் ஊரும் சரி. பின்பாதியைப் படித்திருந்தால் வுண்ட் கொதித்திருப்பார். அவர் வாழ்நாள் முழுக்க எதிர்த்த ஒன்றை அவர் பெயரிலேயே எழுதி வைத்திருக்கிறோம்.

ஜெர்மன் மொழியில் இதற்கு இரண்டு சொற்கள் இருந்தன. ஒன்று ‘ஸெல்ப்ஸ்ட்பெயோபாஹ்டுங்’: ஒருவர் தன் மனத்தில் நடப்பதைத் தானே வேண்டுமென்று கவனித்து ஆராய்வது. மற்றது ‘இன்னெரெ வார்நேமுங்’: மனத்தில் ஒன்று நிகழும்போதே அது தானாகத் தெரியவருவது. ஆங்கிலத்துக்குப் போனபோது இரண்டும் இன்ட்ராஸ்பெக்‌ஷன் என்ற ஒரே சொல்லுக்குள் அடங்கிப்போயின. நாம் ஆங்கிலத்திலிருந்து எடுத்ததால் நமக்கும் ஒன்றுதான் கிடைத்தது.

இந்த வேறுபாடு வெறும் சொல்நயம் அல்ல. மனத்தைக் கவனிக்கப் போனால் அந்தக் கவனிப்பே மனநிலையை மாற்றிவிடும் என்று ஜெர்மன் மெய்யியலாளர் கான்ட் 1786இலேயே எழுதிவிட்டார். சிந்திப்பவனாகவும் அதைப் பார்த்துக்கொண்டிருப்பவனாகவும் ஒருவன் இரண்டாகப் பிரிய முடியாது என்று பிரான்சில் மெய்யியலாளர் கோம்த் சொன்னார். 1874இல் மெய்யியலாளர் பிரென்டானோ ஒரு படி மேலே போனார்: கோபம் வரும்போது அதைக் கவனிக்க முனைந்தால் கோபம் அப்போதே தணிந்துவிடும், ஆகவே அகத்தில் தெரியவருவது ஒருநாளும் அகத்தைக் கவனிப்பதாக ஆகாது. வுண்டின் உடலியங்கியல்சார் உளவியல் நூல் முழுமையாக வெளிவந்ததும் அதே ஆண்டில்தான். மெய்யியலாளர்கள் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்தபடி தன் மனத்தைத் தானே ஆராய்ந்து எழுதுவதால் அறிவியல் உருவாகாது என்பதில் இருவருக்கும் கருத்து வேறுபாடு இல்லை.

அப்படியானால் வுண்ட் செய்தது என்ன? இங்கே ஒரு சோதனையைக் கிட்டப் போய்ப் பார்க்க வேண்டும்.

மாணவர்களுக்கு உணவளித்துவந்த ஒரு பழைய பல்கலைக்கழகக் கட்டடத்தில்தான் அந்த ஆய்வுக்கூடம் தொடங்கியது. ஒருவர் தந்திச் சாவியின் மேல் விரலை அழுத்தி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். ஒரு சிறு குண்டு தகட்டின் மேல் விழும். ஓசை எழும் அதே கணத்தில் ஹிப் காலமானி என்ற நுண்கடிகாரம் ஓடத் தொடங்கும். ஓசை கேட்டதும் விரலை எடுத்தால் முள் நின்றுவிடும். விநாடியில் ஆயிரத்தில் ஒரு பங்கு வரை அதில் படிக்கலாம். 1888இல் லுட்விக் லாங்கெ அங்கே கண்டது இது: கவனத்தை வரப்போகும் ஓசையின் மேல் வைத்தால், விரலின் மேல் வைக்கும்போது ஆவதைவிட ஏறத்தாழ பத்தில் ஒரு விநாடி கூடுதலாகிறது.

உட்கார்ந்திருப்பவர் தன் மனத்தைப் பற்றிக் கதை சொல்லவில்லை. கவனம் எங்கே இருந்தது என்ற அளவில்தான் அவர் சொல் தேவைப்படுகிறது. அதையும் காலமானி பக்கத்திலிருந்து சரிபார்க்கிறது. எப்போது ஓசை வரும் என்பதற்கு அவர் ஆயத்தமாக இருக்கலாம், கவனத்தைக் கூர்மையாக வைத்திருக்கலாம், அதே சோதனையைத் திரும்பச் செய்யலாம், நிலைமைகளை ஒவ்வொன்றாக மாற்றிப் பார்க்கலாம். இந்த நான்கும் இல்லாவிட்டால் அது சோதனையே இல்லை என்று வுண்ட் பிற்பாடு நிபந்தனையாகவே எழுதினார். (இன்று சோதிக்கிறவர் நாளை உட்காருவார், பேராசிரியரும் உட்காருவார். ‘சோதனைக்கு உட்பட்டவர்’ என்று நாம் வைத்திருக்கும் சொல் அந்தக் கூடத்துக்குப் பொருந்துமா என்பதும் எனக்குச் சந்தேகம்தான். அதை வேறு இழையில் பேசலாம்.)

மொழி, தொன்மம், வழக்கம் போன்ற சிக்கலான மனச்செயல்களை இந்த வழியில் தொடவே முடியாது என்றும் அவர் நினைத்தார். அவற்றுக்காக மக்கள் உளவியல் என்று பத்துத் தொகுதிகள் தனியாக எழுதினார்.

தன் மாணவர்களோடே அவருக்குச் சண்டை வந்தது இந்த இடத்தில்தான். அவர்களில் ஒருவரான கியூல்பெ ஜெர்மனியின் வியூர்ட்ஸ்பர்க் நகருக்குப் போனார். அங்கே ஒருவரிடம் ஒரு பொன்மொழியைப் படித்துக்காட்டி, ‘புரிகிறதா?’ என்று கேட்டார் அந்தக் கூடத்தின் ஆய்வாளர் பியூலர். அவர் ‘ஆம்’ அல்லது ‘இல்லை’ சொன்ன பிறகு, இடையில் மனத்தில் நடந்ததையெல்லாம் விவரிக்கச் சொன்னார். எந்தப் பிம்பமும் இல்லாமலே சிந்தனை நடக்கிறது என்ற முடிவு அந்தக் கூடத்திலிருந்து வந்தது. 1907இல் வுண்ட் சீறி எழுதினார்: இது விசாரிப்பு, சோதனை வேடம் போட்ட பழைய ஸெல்ப்ஸ்ட்பெயோபாஹ்டுங். இன்னொரு மாணவர் டிட்ச்னர் அமெரிக்காவில் கார்னெல் பல்கலைக்கழகத்தில் நேர்மாறான வழியில் போனார். ஆப்பிளைக் காட்டினால் ‘ஆப்பிள்’ என்று சொல்லக் கூடாது. நிறம், ஒளிர்வு, வடிவம் என்று புலனுணர்ச்சிக் கூறுகளை மட்டும் சொல்ல வேண்டும். அதற்குப் பயிற்சி பெற்ற நோக்குநர்கள் வேண்டும். 1896இல் அவர் போட்ட கணக்கில் புலனுணர்ச்சிக் கூறுகள் 44 ஆயிரத்தைத் தாண்டின. 1913இல், வெளிப்படையான நடத்தையை மட்டுமே ஆராய வேண்டும் என்ற வாட்சன் இன்ட்ராஸ்பெக்‌ஷனையே தூக்கியெறிந்தபோது அவருக்கு முன்னால் நின்றது பெரும்பாலும் டிட்ச்னர் வகைதான். அடி மட்டும் வுண்டின் மேலும் சேர்த்து விழுந்தது. இன்றும் விழுந்துகொண்டிருக்கிறது, தமிழிலும்.

ஆகவே இரண்டு சொற்கள் வேண்டும்.

முதலாவதற்கு, அதாவது வேண்டுமென்று தன்னைக் கவனிக்கும் ஸெல்ப்ஸ்ட்பெயோபாஹ்டுங்குக்கு, தன்நோக்கு என்று முன்மொழிகிறேன். பார்ப்பவரும் பார்க்கப்படுவதும் ஒருவரே என்பது அதில் தெளிவு. இரண்டாவதான இன்னெரெ வார்நேமுங்தான் கடினம். அதற்குச் சைவ சித்தாந்த நூல் ஒன்றிலிருந்து ஒரு சொல்லைச் சுட்டி வந்த மடல் இது:

> சிவஞான சித்தியார் அளவையில் காட்சியை வாயிற்காட்சி, மானதக் காட்சி, தன்வேதனைக் காட்சி, யோகக் காட்சி என்று நான்காகப் பிரிக்கிறதே. தன்வேதனைக் காட்சி நீங்கள் தேடும் சொல்தானே?

அம்மா, இதைப் படித்தபோது உண்மையிலேயே மகிழ்ந்துபோனேன். இன்பதுன்பங்களை உயிர் தன்னுள்ளே நேரே உணர்வதற்கு 13ஆம் நூற்றாண்டிலேயே தமிழில் தனிப்பெயர் இருந்திருக்கிறது. பட்டியலின் விளக்கக் குறிப்பில் இது கட்டாயம் இடம்பெற வேண்டும். தலைச்சொல்லாக வைக்கத் தயங்குகிறேன், காரணம் ஒன்றுதான்: இன்றைய மாணவருக்கு வேதனை என்றால் வலி, துன்பம். ‘உணர்தல்’ என்ற பழைய பொருளை ஒவ்வொரு முறையும் விளக்கிக்கொண்டிருக்க வேண்டியிருக்கும்.

அகக்காட்சி என்று சுருக்கலாமா என்றும் யோசித்தேன். ஆசிரியர் தகுதித் தேர்வுக்குப் படிக்கிற எல்லோருக்கும் உளவியலாளர் கோலரின் சிம்பன்சியும் வாழைப்பழமும் வழியாக ‘உட்காட்சி’ பழகிவிட்டது. அது இன்ஸைட், தீர்வு சட்டென்று விளங்குவது. ஒரே பாடத்தில் உட்காட்சியும் அகக்காட்சியும் பக்கத்தில் பக்கத்தில் வந்தால் குழப்பம் நிச்சயம்.

என் பரிந்துரை அகப்புலப்பாடு. நோக்குவது ஒருவர் செய்யும் செயல்; புலப்படுவது தானாக நேர்வது. ‘எனக்குப் புலப்பட்டது’ என்கிறோம், ‘நான் புலப்பட்டேன்’ என்று அந்தப் பொருளில் யாரும் சொல்வதில்லை. வுண்டும் பிரென்டானோவும் பிடிவாதமாகக் காத்த வேறுபாடு, தமிழ் வினையின் இயல்பிலேயே கிடைத்துவிடுகிறது. புலன் என்ற வேரும் புலன்காட்சியோடு உறவு காட்டுகிறது. கொஞ்சம் நீளம்தான், ஒப்புக்கொள்கிறேன். இருந்தாலும் ஒலிக்கத் தடையில்லை. ‘அகப்புலப்பாட்டை’, ‘அகப்புலப்பாட்டில்’ என்று உருபு ஏற்கவும் சிரமமில்லை.

அகநோக்கு எங்கும் போகவில்லை. ஆங்கில நூல்கள் இரண்டையும் பிரிக்காமல் பேசும் இடங்களுக்கும், டிட்ச்னர், வாட்சன் பகுதிகளுக்கும் அதுவே பொதுச்சொல்லாக இருக்கட்டும். அந்தப் பாடநூல் வாக்கியத்தை மட்டும் இப்படி மாற்றலாம்: ‘வுண்ட் தன்நோக்கை ஏற்கவில்லை, கருவிகளால் சரிபார்க்கக்கூடிய நிலைமைகளில் கிடைக்கும் அகப்புலப்பாட்டையே சான்றாகக் கொண்டார்.’

மறுப்பு இருந்தால் எழுதுங்கள். குறிப்பாக வகுப்பெடுப்பவர்கள் இந்த வாக்கியத்தை மாணவர்களிடம் வாய்விட்டுப் படித்துப் பார்த்துச் சொன்னால் பெரிய உதவி. அதன் பிறகு பட்டியலின் அடுத்த சொல்லான அப்பெர்செப்ஷனை (மனத்தில் ஒன்று தெளிவாக உணரப்படுவது) எடுத்துக்கொள்ளலாம். அதற்கும் இங்கே வந்திருக்கும் இரண்டு பரிந்துரைகளும் அச்சொல்லை முன்பே ஆண்ட மெய்யியலாளர் லைப்னிட்ஸுக்குப் பொருந்துகின்றன, வுண்டுக்குப் பொருந்தவில்லை.

அன்புடன்