ஊமைப் படத்துக்குக் கதை சொல்ல ஆள் வேண்டும்
எல்லோருக்கும் வணக்கம். வியாசர்பாடியில் எங்கள் தெருவில் திரை கட்டி ஒரு ஊமைப் படம் போடப் போகிறோம். சிசில் பி. டிமில் 1919-இல் எடுத்த 'மேல் அண்ட் ஃபீமேல்'. லண்டனில் ஒரு பிரபு வீடு. ஆரம்பத்தில் எடுபிடிப் பையன் ஒவ்வொரு அறையாகச் சாவித் துவாரம் வழியே எட்டிப் பார்ப்பான். பிரபுவின் மகள் மேரி குளிப்பதற்கே பணிப்பெண்கள் காத்து நிற்பார்கள். அப்புறம் கப்பல் உடைந்து தீவில் ஒதுங்கியதும் எல்லாம் தலைகீழ். பட்லர்தான் அங்கே ராஜா. மேரி அவனுக்குப் பரிமாறுகிறாள், அவன் மேல் உயிரையே வைக்கிறாள். கல்யாண நேரம் பார்த்து மீட்புக் கப்பல் வந்துவிடுகிறது. ஊர் திரும்பியதும் அவன் மறுபடியும் வேலைக்காரன். அந்த இடம் என்னை உலுக்கிவிட்டது. பெரிய வீடுகளுக்கு வேலைக்குப் போகும் அக்காக்கள் எங்கள் தெருவில் நிறைய. அவர்கள் இதைப் பார்த்தே ஆக வேண்டும்.

ஆனால் நடுவில் வரும் எழுத்தெல்லாம் ஆங்கிலம். அந்தக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் நின்று ஒருவர் கதை சொல்வாரே, அதுபோல நம்ம ஊர்ப் பேச்சில் சொல்ல ஒருவர் வேண்டும். மொழிபெயர்ப்பை நானே எழுதித் தருகிறேன். கீபோர்டோ தபேலாவோ வாசிப்பவர் கிடைத்தால் இன்னும் நல்லது. படம் சுமார் 2 மணி நேரம். ராயபுரம், தண்டையார்பேட்டை, பெரம்பூர் பக்கம் யாராவது இருந்தால் சொல்லுங்கள். பெரிய தொகை கொடுக்க முடியாது, சாப்பாடும் ஆட்டோ காசும் எங்கள் பொறுப்பு.