புதுப்பிப்பு: மலிவு விலை 3-9x40 ஸ்கோப், இரண்டு மாதம் கழித்து

ஸ்பிரிங் ஏர் ரைஃபிளின் (ஸ்பிரிங் விசையால் காற்றை அழுத்திச் சுடும் துப்பாக்கி) உதையை மலிவான ஸ்கோப் (குறிபார்க்கும் தொலைநோக்கி; இது 3 முதல் 9 மடங்கு பெரிதாக்கும், முன் லென்ஸ் 40 மி.மீ.) தாங்குமா என்று இங்கே கேட்டிருந்தேன். தாங்குகிறது, சுமார் 1,200 பெல்லட் (சிறு குண்டு) சுட்டாயிற்று. நடுவில் குறி தவறியபோது ஸ்கோப்பைத்தான் சந்தேகப்பட்டேன். துப்பாக்கியின் மேலுள்ள ரெயிலில் போட்டிருந்த பென்சில் கோட்டைப் பார்த்தால், மவுண்ட் (ஸ்கோப்பைப் பிடித்திருக்கும் கிளாம்ப்) 2 மி.மீ. பின்னால் நகர்ந்திருந்தது. நகராமல் தடுக்கும் ஸ்டாப் பின் உள்ள மவுண்டுக்கு மாற்றினேன், அப்புறம் அசையவே இல்லை.

25 மீட்டரில் டர்ரெட்டை (குறியை நகர்த்தும் திருகு) மேலே, வலது, கீழே, இடது என இருபது இருபது கிளிக் திருப்பிச் சுட்டேன். கடைசி பெல்லட் முதல் துளையின் விளிம்பிலேயே விழுந்தது, அதாவது குறி பழைய இடத்துக்கே திரும்புகிறது. இந்த விலைக்கு இது பெரிய விஷயம்.

குறை ஒன்று: பாரலாக்ஸ் (கண் அசைந்தாலும் குறி நகராத தூரம்) 100 கெஜத்துக்கு அமைத்தது. 10 மீட்டரில் 9 மடங்கு வைத்தால் படம் மங்குகிறது, கண் அசைந்தால் குறுக்குக்கோடும் நகர்கிறது. 4 மடங்கில் சரி. கிட்டத்தில் மட்டும் சுடுபவர்கள் ஏஓ வளையம் (தூரத்துக்கேற்பப் பாரலாக்ஸை மாற்றும் வளையம்) உள்ளதையே வாங்குங்கள்.